பட்டா யார் பேரில்?

விடியற்காலை ஐந்து மணிக்கு ஜோகூரிலிருந்து சிங்கப்பூரின் உட்லண்ட்ஸ் சோதனைச்சாவடிக்குள் நுழையும் மோட்டார்சைக்கிள் வரிசையில் தமிழ் முகங்களுக்குக் குறைவே இல்லை. தொழிற்பேட்டைக்குப் போகிறவர்கள், கப்பல் பட்டறைக்குப் போகிறவர்கள், காவலாளி வேலைக்குப் போகிறவர்கள். அவர்களில் நாற்பதைத் தாண்டிய யாரிடமாவது "உங்களுக்குப் பூர்வீகம் எங்கே?" என்று கேட்டால், தமிழ்நாட்டு ஊர்ப்பெயர் அபூர்வமாகத்தான் வரும். ஏதோ ஒரு தோட்டத்தின் பெயர் வரும். "ஆனா இப்போ அங்க ஒண்ணும் இல்லீங்க" என்ற வார்த்தையும் கூடவே வரும். ரப்பர்ப் பால்மரம் போய்ச் செம்பனை வந்திருக்கும். தொழிலாளர் குடியிருந்த லயன் வரிசை வீடுகள் இருந்த இடத்தில் வீடமைப்புப் பகுதி எழும்பியிருக்கும். கோயில் மட்டும் எங்காவது ஒரு மூலையில் நிற்கும்.

மூன்று தலைமுறை உழைத்த மண்ணை அவர்கள் எப்படி இழந்தார்கள் என்று கேட்டால், அந்த மண் ஒருநாளும் அவர்களுடையதாக இருந்ததில்லை என்பதே பதில். ஆனால் அதைத் தங்களுடையதாக்கிக்கொள்ள அவர்கள் முயன்றார்கள். பால்மரம் வெட்டிய கைகள் காசு சேர்த்து, கூட்டாக நிலம் வாங்கி, கூட்டாக ஓர் ஊரை நிறுத்தப் பார்த்தன. அதில் ஒரு முயற்சி பாதி வென்றது. இன்னொன்று தோற்றது. இரண்டையும் சேர்த்து எழுதாமல் மலாயாத் தமிழரின் நில வரலாறு நிறைவு பெறாது. தாத்தா பாட்டி காலத்தில் கடற்பாலத்துக்கு அப்பால் இருந்த குடும்பங்கள் சிங்கப்பூரிலும் ஏராளம். இது அவர்களுடைய கதையும்தான்.

துண்டாடல்

1957-இல் மலாயா விடுதலை பெற்றது. அதற்குச் சில ஆண்டுகள் முன்பிருந்தே வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களை விற்கத் தொடங்கியிருந்தன. கம்யூனிஸ்டுகளோடு நடந்த அவசரகாலச் சண்டை, புதிய அரசு என்ன செய்யுமோ என்ற பயம், செயற்கை ரப்பரின் போட்டி என்று காரணங்கள் பல. வாங்கியவர்களில் பலர் தோட்டம் நடத்த வந்தவர்கள் அல்லர். இரண்டாயிரம், மூவாயிரம் ஏக்கரை மொத்தமாக வாங்கி, ஐந்தும் பத்துமாகக் கூறுபோட்டு விற்று லாபம் பார்த்தார்கள். இதற்குத் தோட்ட மக்கள் வைத்த பெயர் துண்டாடல்.

பத்து ஏக்கர்க்காரருக்கு லயன் எதற்கு? பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயக்கொட்டகை எதற்கு? மருந்தகமும் தமிழ்ப்பள்ளியும் எதற்கு? குடும்பத்தோடு சேர்ந்து அவரே மரம் வெட்டிக்கொள்வார், இல்லாவிட்டால் குத்தகைக்காரரிடம் ஒப்படைத்துவிடுவார். தோட்டம் துண்டானதும் வேலை போயிற்று. வேலையோடு வீடு போயிற்று, வீட்டோடு பிள்ளைகளின் பள்ளியும் போயிற்று. பொருளியல் அறிஞர் உங்கு அசிஸ் தலைமையில் நடந்த ஆய்வு 1951 முதல் 1960 வரை நடந்த துண்டாடலை ஆராய்ந்து, அதன் சேதத்தை அரசின் பார்வைக்குக் கொண்டுவந்தது. ஆனால் அந்த அறிக்கை வரும்வரை தோட்ட மக்கள் காத்திருக்க முடியவில்லை.

அப்போது மலாயா இந்தியக் காங்கிரசின் தலைவராகவும் அமைச்சராகவும் இருந்தவர் வீ.தி.சம்பந்தன். பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட்டில் 1919-இல் பிறந்தவர். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் படித்தவர். தோட்டத்துப் பேச்சும் தோட்டத்துப் பசியும் அவருக்குத் தெரியும். ஆனால் அவர் பிறந்தது தோட்ட முதலாளி வீட்டில், லயனில் அல்ல. தொழிலாளிகளின் முன் நின்று "நீங்களே வாங்குங்கள்" என்று ஒரு தோட்டக்காரர் சொன்னதுதான் இந்தக் கதையின் திருப்பம். 1960-இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் உருவானது. பங்கின் விலை நூறு வெள்ளி. ஒரேயடியாகக் கட்ட முடியாதவர்கள் மாதம் பத்து வெள்ளியாகக் கட்டலாம்.

அந்தப் பத்து வெள்ளியின் கனத்தை இன்று உணர்வது கடினம். பால்மரம் வெட்டுகிறவரின் நாள் கூலி ஏறத்தாழ மூன்று வெள்ளியாக இருந்த காலம் அது. இருட்டோடு எழுந்து, பேர் கூப்பிடும் பெரட்டுக்கு நிற்க வேண்டும். வெயில் ஏறுவதற்குள் நானூறு ஐந்நூறு மரத்தில் பட்டையைச் சீவிக் கோடு இழுத்து, பால் வடியும் மங்குக் கோப்பையைச் சரிபார்க்க வேண்டும். பிறகு பாலைச் சேர்த்து, வாளிகளைத் தூக்கிக்கொண்டு பால் கொட்டகைக்குப் போய்ப் பால் நிறுக்க வேண்டும். மழை பெய்தால் வேலை இல்லை, கூலியும் இல்லை. அப்படிப்பட்ட உழைப்பில் மூன்று நாளுக்கு மேற்பட்ட கூலியை ஒவ்வொரு மாதமும் எடுத்து, இன்னும் கண்ணால் பார்க்காத ஒரு தோட்டத்துக்காகக் கொடுக்கச் சொன்னார்கள். கொடுத்தார்கள். சம்பந்தன் ஊர் ஊராகப் போய்க் கேட்டார். பெண்களும் பங்கு வாங்கினார்கள். படிக்காத கூலிக்கூட்டம் என்று யாரைச் சொன்னார்களோ, அவர்கள் கட்டிய பணம் அது. மலாயாத் தமிழர் வரலாற்றில் இதைவிடப் பெரிய பொதுச்செயல் இன்னொன்று இருப்பதாக எனக்குத் தெரியவில்லை.

சங்கம் முதலில் வாங்கியது கெடா மாநிலத்துப் புக்கிட் சிடிம் தோட்டம். பிறகு ஒவ்வொன்றாகச் சேர்ந்து, மொத்தப் பரப்பு முப்பதாயிரம் ஏக்கரைத் தாண்டியது. 1979 மே மாதம் சம்பந்தன் மறைந்தபோது சங்கம் வேரூன்றி நின்றது. இன்றும் நிற்கிறது. கோலாலம்பூரின் விஸ்மா துன் சம்பந்தன் அதன் தலைமையகம்.

கூட்டுறவு என்பது தமிழர் மலாயாவுக்குப் போய்க் கற்ற பாடமும் அல்ல. சென்னை மாகாணத்துக் கடன் கொடுமையை ஆராய்ந்து ஃபிரெடரிக் நிக்கல்சன் 1890களில் அறிக்கை கொடுத்தார். 1904-இல் இந்தியாவில் கூட்டுறவுச் சட்டம் வந்ததும், திருவள்ளூருக்குப் பக்கத்தில் உள்ள திரூரில் விவசாயிகளின் கடன் சங்கம் பதிவானது. மலாயாவில் 1922-இல் கூட்டுறவுச் சட்டம் வந்தபின் தோட்டங்களில் சிக்கனச் சங்கங்கள் தோன்றின. சிங்கப்பூரில் முதல் கூட்டுறவுச் சங்கம் 1925-இல் அரசாங்க ஊழியர்களுக்காக உருவானது. இவையெல்லாம் சேமிக்கவும் கடன் கொடுக்கவும் ஏற்பட்டவை. சம்பந்தன் ஒரு படி மேலே போய், அந்தச் சேமிப்பைக் கொண்டு மண்ணையே வாங்கினார்.

பாதி வெற்றி என்று ஏன் சொல்கிறேன்

சங்கம் வாங்கிய தோட்டங்கள் துண்டாடப்படவில்லை. அங்கே இருந்தவர்களின் வேலை தப்பியது, லயன் தப்பியது. இதைக் குறைத்துச் சொல்லவே கூடாது. 1969-க்குப் பிறகு குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலைப் பெர்மிட் கட்டாயமாகி, சிவப்பு அடையாள அட்டைக்காரர்கள் பல்லாயிரம் பேர் கப்பலேறி இந்தியா திரும்பிய நாட்களில், சொந்தமாக ஒரு பங்காவது கையில் இருந்தது பெரிய தெம்பு.

ஆனால் பங்கு வேறு, வீடு வேறு. புக்கிட் சிடிமில் மரம் வெட்டிய ஓர் உறுப்பினருக்கு அந்தத் தோட்டத்தில் எவ்வளவு உரிமை இருந்ததோ, அவ்வளவே அதை ஒருமுறைகூடப் பார்க்காத ஜோகூர் உறுப்பினருக்கும் இருந்தது. அவருக்கும் ஒரு ஓட்டு, இவருக்கும் ஒரு ஓட்டு. கூட்டுறவின் நியாயம் அதுதான், அதில் பிழை சொல்ல முடியாது. ஆனால் அதன் விளைவு என்ன? உடைமை நாடு முழுக்கப் பரந்து கிடந்தது; ஊர் ஓரிடத்தில் இருந்தது. லாபம் ஈவுத்தொகையாகப் பிரிந்து போனது. மண்மேல் குடியிருந்தவர் காலையில் வழக்கம்போலப் பெரட்டுக்குப் போனார், மேலாளர் பேர் கூப்பிட்டார், கிராணி கணக்கு எழுதினார். லயன் வீட்டின் சாவி வேலையோடு வந்தது, வேலையோடு போனது. முதலாளி மாறினாரே தவிர, குடியிருப்பவரின் பேரில் ஒரு மனைகூட மாறவில்லை.

சங்கத்தைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. அன்றைக்கு எரிகிற வீட்டிலிருந்து மனிதர்களை வெளியே இழுக்க வேண்டியிருந்தது, இழுத்தார்கள். ஆனால் அதே 1960-இல் அதே நாட்டில் இன்னொரு சட்டம் வந்தது என்பதை நினைத்துப் பார்க்கத்தான் வேண்டும். நிலக் குழுக் குடியேற்றச் சட்டம். 1956-இல் தொடங்கிய ஃபெல்டா என்ற நில மேம்பாட்டு வாரியத்தின் குடியேற்றங்களுக்கு அது அடித்தளமானது. நிலம் குடியேறியவரின் பேருக்கு வரும், கடனை விளைச்சலில் கழிக்கலாம், நிலத்தைக் கண்டபடி துண்டாடவும் முடியாது. ஃபெல்டாவின் முதல் குடியேற்றமான பகாங் மாநிலத்து லூரா பீலுட்டில் தமிழ்க் குடும்பங்களும் இருந்தன. பின்னால் வந்த குடியேற்றங்களில் நம்மவர் மிகச் சிலரே.

பகாவில் ஒரு கிராமம்

நிலமும் வேண்டும், வீடும் வேண்டும், ஊரும் நமதாக இருக்க வேண்டும் என்ற கனவு நெகிரி செம்பிலான் மாநிலத்தில் பகாவுக்குப் பக்கத்தில் ஒரு கிராமமாக உருவெடுத்தது. கம்போங் காட்கோ என்று அதற்குப் பெயர். பி.பி.நாராயணன் வழிநடத்திய தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் 1960களில் காட்கோ என்ற நிறுவனத்தைத் தோற்றுவித்தது. தொழிற்சங்கம் கூலி உயர்வு கேட்பதோடு நிற்காமல் உறுப்பினர்களுக்கு வாழ்வும் அமைத்துத் தர வேண்டும் என்பது அந்தத் தலைமுறைத் தலைவர்களின் எண்ணம். 1970களில் மாநில அரசு ஐயாயிரம் ஏக்கருக்குச் சற்றுக் குறைவான காட்டு நிலத்தை அந்த நிறுவனத்துக்கு ஒதுக்கியது.

நானூறுக்கு மேற்பட்ட குடும்பங்கள் வந்தன. ஓய்வு பெற்ற, ஓய்வை நெருங்கிய தோட்டத் தொழிலாளிகள். ஓய்வுப் பணத்தையும் சேமிப்பையும் கட்டினார்கள். வீட்டு மனையும் பயிரிட நிலமும் உண்டு என்ற வாக்கை நம்பினார்கள். வாழ்நாள் முழுவதும் அடுத்தவர் மரத்தை வெட்டியவர்கள், ஐம்பது வயதுக்குமேல் காட்டை அழித்து முதன்முறையாகத் தங்களுக்கென்று மண்ணைக் கொத்தினார்கள்.

முதல் திட்டம் கரும்பு. பகாவில் அப்போது சர்க்கரைத் தொழில் பெரிதாக வரப்போகிறது என்ற நம்பிக்கை இருந்தது. மாநில அளவில் ஒரு சர்க்கரை நிறுவனமே எழும்பியது. கரும்பு எப்படிப்பட்ட பயிர் என்பது கடலூர் பக்கத்திலோ ஈரோடு பக்கத்திலோ ஆலைக்குக் கரும்பு போட்ட எந்தக் குடியானவருக்கும் தெரியும். வெட்டிய கரும்பு காத்திருக்காது. ஓரிரு நாளில் அரவைக்குப் போகாவிட்டால் எடையும் சுண்டும், சர்க்கரைச் சத்தும் இறங்கும். ஆலை ஓடினால்தான் வயலுக்கு உயிர். அதோடு, கரும்பு பழுத்து இனிப்பேற வறண்ட சில மாதங்கள் வேண்டும். ஆண்டு முழுக்க மழை கொட்டும் நிலநடுக்கோட்டுப் பக்கத்தில் அது எளிதல்ல. 1970களின் நடுவில் உச்சத்தில் இருந்த உலகச் சர்க்கரை விலையும் சரிந்தது. பகாவில் கரும்பு நிலைக்கவில்லை. குடியேறியவர்கள் தங்களுக்குத் தெரிந்த பயிருக்கே திரும்பினார்கள்: பால்மரம் நட்டார்கள், தாங்களே வெட்டினார்கள், ஊர் உருவானது.

ஊர் உருவானது, ஆனால் பட்டா உருவாகவில்லை. நிலம் நிறுவனத்தின் பேரிலேயே கிடந்தது. நிறுவனம் கடனில் மூழ்கிக் கலைப்புக்குப் போனது. கலைக்கப்படும் நிறுவனத்தின் சொத்து எதுவோ அது கடன்காரருக்காக விற்கப்படும். சட்டத்தின் கண்ணுக்கு அந்தச் சொத்து வெறும் ஏக்கர் கணக்கு. அதன்மேல் வீடு கட்டி, மரம் நட்டு, பிள்ளை பெற்று, பெரியவர்களை அடக்கம் செய்த குடும்பங்கள் அந்தக் கணக்கில் வரவில்லை. 2000களில் நிலம் ஒரு தனியார் நிறுவனத்தின் கைக்குப் போனது. குடியேறியவர்கள் நீதிமன்றப் படி ஏறினார்கள். வழக்கு இழுத்துக்கொண்டே போனது. 2016-இல் பால்மரங்களை வெட்டிச் சாய்க்க இயந்திரங்கள் வந்தபோது ஊர்க்காரர்கள் வழியை மறித்தார்கள், கைது செய்யப்பட்டார்கள். வயது முதிர்ந்த தாத்தாக்களும் பாட்டிகளும் தாங்கள் நட்ட மரத்தைக் காக்க ரோட்டில் உட்கார வேண்டி வந்தது.

என்ன தவறு நடந்தது? காட்கோவைப் பற்றிப் பேசும்போது தலைவர்கள் ஏமாற்றிவிட்டார்கள் என்று ஒரே வார்த்தையில் முடிப்பவர்கள் உண்டு. எனக்கு அது போதவில்லை. அந்த முயற்சியில் கூட்டுறவின் உணர்வு இருந்தது, கூட்டுறவின் சட்ட வடிவம் இல்லை. அது ஒரு நிறுவனம். பணம் கட்டியவர் சட்டப்படி யார்? பங்குதாரரா, வாடிக்கையாளரா, குத்தகைக்காரரா? நல்ல காலத்தில் யாரும் இந்தக் கேள்வியைக் கேட்கவில்லை, ஏனென்றால் எல்லாரும் நம்மவர்கள். கெட்ட காலம் வந்ததும் நீதிமன்றம் கேட்ட முதல் கேள்வியே அதுதான். கம்பெனி விழுந்தாலும் மனை பிழைக்கும்படி, ஒவ்வொரு குடும்பத்தின் வீட்டு மனையையாவது முதல் ஆண்டிலேயே பிரித்து அவரவர் பேரில் எழுதியிருந்தால் இந்த ஊரின் கதை வேறாக இருந்திருக்கும்.

அதே பகாவ், வேறொரு ரயில்

பகாவ் என்ற பெயரைக் கேட்டால் சிங்கப்பூரின் பழைய யூரேசியக் குடும்பங்களும் சீனக் கத்தோலிக்கக் குடும்பங்களும் இன்றும் பெருமூச்சு விடும். ஜப்பானியர் ஆட்சியில் அரிசிக்குப் பஞ்சம் வந்தது. நகரத்தில் வாய்களைக் குறைக்க வேண்டும் என்று முடிவு செய்த ஜப்பானியர், மக்களை விவசாயக் குடியேற்றங்களுக்கு அனுப்பினார்கள். சீனர்களுக்கு ஜோகூரின் எண்டாவ். யூரேசியர்களுக்கும் கத்தோலிக்கச் சீனர்களுக்கும் பகாவ். 1943 டிசம்பர் இறுதியில் முதல் குழு கிளம்பியது. 1942 ஜனவரியில் பின்வாங்கிய பிரிட்டிஷ் படை தகர்த்து, பிறகு ஜப்பானியர் செப்பனிட்ட கடற்பாலத்தின் வழியாக, உட்லண்ட்ஸைக் கடந்துதான் அந்த ரயில்கள் போயின. கெமாசில் கிழக்குக்கரைத் தடத்தில் திரும்பினால் பகாவ் வரும்.

போனவர்கள் எழுத்தர்கள், ஆசிரியர்கள், கன்னியாஸ்திரீகள். மண்வெட்டி பிடித்தறியாத கைகள். காடு மூடிய இடம், களிமண், நல்ல தண்ணீர் இல்லை, மலேரியா. ஏறத்தாழ மூவாயிரம் பேர் இருந்த அந்தக் குடியேற்றத்தில் நூற்றுக்கணக்கானோர் மடிந்தார்கள். முன்னின்று நடத்திய ஆயர் ஆட்ரியன் தெவால், தம் மக்களோடு சேர்ந்து தாமும் மண் கொத்தியவர், காலில் பட்ட காயம் முற்றி 1945 ஜனவரியில் இறந்தார். போர் முடிந்ததும் பிழைத்தவர்கள் திரும்பி வந்துவிட்டார்கள். எண்டாவ் ஓரளவு தாக்குப்பிடித்தது; அங்கே போனவர்களுக்குப் பணபலமும் அமைப்புப் பலமும் இருந்தன.

முப்பது ஆண்டு கழித்து அதே வட்டாரத்துக்குப் போன தோட்டத் தமிழர் மண்ணில் தோற்கவில்லை. காட்டை வென்றார்கள், மலேரியாவை வென்றார்கள், பயிர் மாற்றிப் பிழைத்தார்கள். அவர்கள் தோற்றது பத்திரத்தில். அதனால்தான் அந்தத் தோல்வி இன்னும் ஆற மறுக்கிறது.

உட்லண்ட்ஸின் மண்

இந்தக் கரையிலும் இதே கேள்வி வேறு உருவத்தில் எழுந்தது. இன்று அடுக்குமாடிகள் நிற்கும் உட்லண்ட்ஸ், மார்சிலிங், அடுத்துள்ள கிராஞ்சி, லிம் சூ காங் எல்லாம் ஒரு காலத்தில் ரப்பரும் காய்கறித் தோட்டமும் பன்றி, கோழிப் பண்ணையுமாக இருந்த இடங்கள். சிங்கப்பூரில் அப்படிப் பயிரிட்டவர்களில் பலரிடம் இருந்தது தற்காலிகக் குடியிருப்பு உரிமம் மட்டுமே. 1966-இல் நிலக் கையகப்படுத்தும் சட்டம் வந்தது. 1970களில் புதுநகரம் எழத் தொடங்கியது. கிராஞ்சி நீர்த்தேக்கம் 1975-இல் முடிந்தது, நீர்ப்பிடிப்புப் பகுதிகளில் பண்ணைகள் அகன்றன. 1984-இல் பன்றிப் பண்ணைகளை மூடும் முடிவு அறிவிக்கப்பட்டது. பயிருக்கும் கொட்டகைக்கும் இழப்பீடு கிடைத்தது. தன் பேரில் இல்லாத மண்ணுக்குக் கிடைக்காது.

அந்தப் பண்ணைக்காரர்களின் வேதனையை நான் சிறிதாக்கவில்லை. அறுபது வயதில் மண்ணை விட்டு மாடிக்குப் போனவரின் கை சும்மா இருக்கப் பழகுவது கொடுமை. ஆனாலும் ஒரு வேறுபாட்டைச் சொல்லித்தான் ஆக வேண்டும். 1964-இல் தொடங்கிய வீட்டு உடைமைத் திட்டத்தின்கீழ், இங்கே மண்ணை இழந்த குடும்பம் தன் பேரில் ஒரு வீட்டை வாங்க முடிந்தது. 99 ஆண்டுக் குத்தகைதான். ஆனால் வேலை போனாலும் வீட்டுச் சாவி போகாது. அக்கரையில் தோட்டம் மூடப்பட்டபோது லயனைக் காலி செய்த குடும்பங்கள் பட்டண ஓரத்துப் புறம்போக்குக்குப் போய்ப் பலகை வீடு கட்டின. அங்கிருந்தும் விரட்டப்பட்டன. இரண்டு குடும்பங்களின் பிள்ளைகள் ஒரே தொழிற்சாலையில் இன்று பக்கத்துப் பக்கத்தில் வேலை பார்க்கக்கூடும். அவர்கள் தொடங்கிய இடங்களுக்கு இடையே இருந்த தூரம் ஒரு கிலோமீட்டர் நீளக் கடற்பாலத்தைவிடப் பெரியது.

இனி என்ன

கூட்டாக நிலம் வாங்குவதை இன்று பழங்காலத்துக் கனவாகப் பேசுகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் நிலைத்ததற்குக் காரணம் அதன் சட்ட வடிவம். உறுப்பினருக்கு ஒரு ஓட்டு, பொதுக்கூட்டம், தணிக்கை, சங்கத்தின் பேரில் பட்டா. அந்த வடிவத்துக்குள் வீட்டு மனையைக் குடும்பத்தின் பேரில் எழுதும் ஏற்பாட்டையும் சேர்த்திருக்கலாம். இப்போதும் சேர்க்கலாம். சங்கத்தின் தோட்டங்களில் பல தலைமுறையாக இருக்கும் குடும்பங்களுக்கு மனை ஒதுக்குவது ஆயிரக்கணக்கான ஏக்கர் கேட்கும் காரியம் அல்ல. பகாவ் குடும்பங்களுக்கும் தீர்வு அந்த அளவில்தான் தொடங்க வேண்டும். மாநில அரசு முதலில் வீடிருக்கும் மனைகளைத் தனியே பிரித்து மீட்டுக் கொடுக்கட்டும். பயிர் நிலத்தின் வழக்கு அதற்குப் பிறகும் நடக்கலாம்.

1960களில் பத்துப் பத்து வெள்ளியாகக் கட்டிய உறுப்பினர்களில் பெரும்பாலோர் இன்று இல்லை. அவர்களுடைய பிள்ளைகளும் பேரர்களும் ஜோகூரிலும் கோலாலம்பூரிலும் சிங்கப்பூரிலும் இருக்கிறார்கள். தாத்தாவின் பெட்டியில் பழைய பங்கு ரசீது எதுவும் இருந்தால் எடுத்துப் பாருங்கள். வாரிசாக யார் பேர் பதிவாகியிருக்கிறது என்று சங்க அலுவலகத்தில் விசாரியுங்கள். கிடைக்கும் தொகை சொற்பமாக இருக்கலாம். ஆனால் தகுதியுள்ள வாரிசு உறுப்பினராகச் சேர்ந்தால் ஓட்டும் சேர்ந்து வரும். லயனில் இன்னும் குடியிருப்பவர்களின் மனை யார் பேரில் இருக்கிறது என்று கூட்டத்தில் எழுந்து கேட்கும் உரிமையும் அந்த ஓட்டோடு வரும்.